நாலு விரற்கடை

போர் முடிந்த மூன்றாம் வருஷம்
சினிமா பேனர்களுக்கு மீசை வரைந்துகொண்டிருந்தவர்
என் கணவர் உரானோ கியோஹிகோ.
பிறகு ஸ்டுடியோவில் பிசின் காய்ச்சினார்.
பிறகு சுவர்களுக்கு வயசு ஏற்றினார்:
தேவதாருப் பலகையைத் தீயில் வாட்டி
கம்பித் தூரிகையால் தேய்த்தால்
ஒரே மத்தியானத்தில் எண்பது வருஷம் ஓடிவிடும் என்பார்.
காகிதக் கதவுகளைப் பழசாக்க என் தேயிலை போயிற்று.
மாதக் கடைசியில் வெறும் வெந்நீர் குடித்தோம்.

ஐம்பத்தாறில் திரையில் பெயர் வந்தது.
அந்த வருஷம் தாமா ஆற்றங்கரையில் ஒரு தெரு கட்டினார்,
போகப்போகக் குறுகும் தெரு.
கோடியில் நடப்பவர்கள்
பெரியவர் உடுப்புப் போட்ட பள்ளிப் பிள்ளைகள்.
எங்கள் ஷுஜியும் ஒருத்தன், ஒட்டுமீசையோடு.
முந்தின இரவு புயல் தெருவைத் தின்றது.
விடிவதற்குள் மறுபடி நிறுத்திவிட்டார்கள்.
அதே புயலில் எங்கள் கூரை பிய்ந்ததை
வியாழக்கிழமைதான் கவனித்தார்.

இருநூற்றுச் சொச்சம் வீடுகள்,
ஒன்றும் மூன்று மாதம் தாண்டி நிற்கவில்லை.
நாங்கள் இருந்தது வாடகைக்கு.

அறுபத்து மூன்றில், ஷின்ஜுகுவில், தனியாக,
பகல் காட்சி.
கதாநாயகி அடுப்படிக்குள் நுழைகிறாள்.
என் அடுப்படி.
சோயா ஜாடி வைத்து வைத்துக் கறுத்த வட்டம்,
தொட்டிக்கு மேலே விரிசல் விட்ட ஓடு.
சிக்கிக்கொள்ளும் இழுப்பறையை
நான் தள்ளுகிற மாதிரியே இடுப்பால் தள்ளுகிறாள்.
சாப்பிடும்போது தலை நிமிராத மனுஷன்
இதையெல்லாம் எப்போது பார்த்தார்?
பக்கத்து இருக்கைக்காரி விம்மினாள்,
கதையில் யாரோ செத்திருக்க வேண்டும்.
நான் ஆணியைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

கரண்டி மாட்டும் ஆணி.
வீட்டில் அது எனக்கு எட்டாது.
குடிவந்து பதினோரு வருஷம்
முக்காலி போட்டு ஏறித்தான் எடுக்கிறேன்.
அவளோ திரும்பிப் பார்க்காமலே கை நீட்டுகிறாள்,
கரண்டி வருகிறது.
நாலு விரற்கடை இறக்கி அடித்திருக்கிறார்.
அவளும் என் உயரம்தான்.

ரயிலிலிருந்து இறங்கி ஆணி கேட்டேன்.
ஒன்றாக விற்கமாட்டாராம், பொட்டலமாக வாங்கினேன்.
அரிசிப் படியின் அடியால் நானே அடித்தேன்.
பழையது மேலேயே இருக்கட்டும் என்று விட்டேன்.
இரவு இரண்டு மணிக்கு வந்தவர்
தண்ணீர் குடித்தபடி சுவரைப் பார்த்தார்.
"ஒரு விரல் இடப்பக்கம் தள்ளியிருக்கலாம்,
கரண்டியில் ஜன்னல் வெளிச்சம் விழும்" என்றார்.
போய்ப் படுத்துக்கொண்டார்.

எழுபத்தொன்றில் ஸ்டுடியோவை மூடினார்கள்.
அப்புறம் பீர் விளம்பரங்கள்,
ஆளில்லாத மதுக்கடை, ஒரே ஒரு கண்ணாடிக் கோப்பை.
அதுவும் இல்லாத ஒரு மதியம்
நான் மீன் வாங்கிவிட்டு வருகிறேன்,
அடுப்படியில் மரத்தூள் வாசனை.
மேலே இருந்த ஆணியைக் காணோம்.
துளையை அடைத்து, தேய்த்து,
புகை ஏற்றி, எண்ணெய்க் கறையும் வைத்திருந்தார்.

முக்காலியில் ஏறி விரலால் தடவிப் பார்த்தேன்.
எந்த இடம் என்றே தெரியவில்லை.
அத்தனை சுத்தமான வேலை.
பதினோரு வருஷத்துக்கு
இருந்த ஒரே சாட்சி அது.
இன்னும் எனக்குக் கொஞ்சம் கோபம் உண்டு.