பதினேழாம் பக்கம்

பத்தொன்பது பக்கத் தீர்ப்பு.
அடித்தவள் நான்.

லியோன்சியா தும்லாவ் முன்பெஞ்சில் இருந்தாள்,
மடியில் உரக்கடை கொடுத்த பழைய காலண்டர்.
தேதிகளின் மேல் பென்சில் கோடுகள்:
கோடு ஒன்றுக்கு மூட்டை ஒன்று,
குறுக்கே வெட்டியவை
எவரிஸ்தோவின் லாரியில் ஏறியவை.
பதினாறு அறுவடை. ரசீது கிடையாது.

வாரச் சாகுபடி செல்லாதென்று
நுவேவா எசிஹாவுக்கும் சேர்த்துத்தான் சட்டம் வந்தது,
நான் பிறக்கும் முன்பே.
லாரிக்கு யாரும் சொல்லவில்லை போலும்.

அத்துமீறி நுழைந்தாள் என்பது வழக்கு.
எந்தப் பக்கமாக நுழைந்தாள்? குறுக்கு விசாரணை.
மணிலாவிலிருந்து வந்திருந்த எவரிஸ்தோ விலாஃபுயெர்தே
கொஞ்சம் யோசித்து, "கிழக்கே" என்றார்.
கிழக்கே ஆறு. பாலம் இல்லை.
அதையும் அடித்தேன்.
சிரிப்பைப் பதிவுசெய்யும் வழக்கம் எங்களிடம் இல்லை.

ஐந்து வருடம்.
அவர் வாரம் கேட்டார்,
நாங்கள் அடுத்த வாரம் என்றோம்.

இன்று நீதிபதி வாசித்தார்:
இவள் குத்தகைக்காரியா இல்லையா என்று சொல்ல
இம்மன்றத்துக்கு வரம்பு இல்லை.
வேளாண் வாரியம் சொல்லட்டும்.
வழக்கு தள்ளுபடி.

கடைசிச் சொல் மட்டும் அவள் காதில் விழுந்தது.
காலண்டரைச் சுருட்டினாள்.
அறையில் மிச்சமிருந்தது நான்தான்.
"நாற்றை என்ன செய்வது?" என்றாள்.
"இருபத்திரண்டு நாள் ஆகிறது."

தீர்ப்பை விளக்குவது என் வேலையல்ல,
அதற்கொரு விதி உண்டு, எண்கூடத் தெரியும்.
பேருந்து நிறுத்தம்வரை குடை பிடித்துக்கொண்டு போனேன்.
தள்ளியது உன்னையல்ல, அவரை.
இங்கிருந்து யாரும் உன்னை இறக்கிவிட முடியாது.
அவர் வாரியத்துக்குப் போவார்.
வேறு கட்டடம், வேறு வரிசை.
காலண்டர் நனையாமல் பார்த்துக்கொள்.

அவள் சகதியைப் பார்த்தபடி நின்றாள்.
"அப்படியென்றால் ஐந்து வருடமும்
அடுத்தவன் வயலிலா உழுதுகொண்டிருந்தீர்கள்?"

பதில் சொல்லவில்லை. பேருந்து வந்துவிட்டது.
படியில் ஏறிக்கொண்டே சொன்னாள்,
நாளை நடவாம்,
மடை ஓரம் இரண்டு இடத்தில் உடைந்திருக்கிறதாம்,
மண் போட வேண்டுமாம்.

திரும்பி வந்து நகலைச் சரிபார்த்தேன்.
பதினேழாம் பக்கம், மேலிருந்து நாலாவது வரி:
வரம்பு என்று அடிக்க வேண்டிய இடத்தில்
வரப்பு என்று அடித்திருக்கிறேன்.
கையெழுத்து ஆகிவிட்டது.
முத்திரையும் விழுந்துவிட்டது.