நேரலை

வடபழனியில் பதினோரு வருஷம்
நாயகனுக்குப் பின்னால் நின்று சிரித்தேன்.
இரண்டு முறை செத்தேன்,
ஒன்றை எடிட்டிங்கில் தூக்கிவிட்டார்கள்.

இப்போது வியாசர்பாடி மைதானம்,
சவுக்குக்கம்புப் பரண், கேபிள் டிவி மைக்.
முதல் நாள், "பந்து பறக்கிறது!" என்று முழங்கினேன்.
"தெரியுதுண்ணே," என்றான் கேமரா பிடித்த தேவசகாயம்,
"யாரு அடிச்சான்னு சொல்லு."

பெயர்களைப் படித்தேன்.
வசனமாக அல்ல,
ரேஷன் கடையில் கூப்பிடுவதுபோல:
கோலி லூர்து, பேக் அன்வர்,
ஐஸ் ஹவுஸ் குட்டை யுவன்.

நேற்று பெனால்டி.
லூர்து இடப்பக்கம் பாய்ந்தான்,
பந்து மற்றப் பக்கம்.
புல்லில்லாத மண்ணில் முகம் புதைத்துக் கிடந்தான்.
கிளிசரின் இல்லை.
ஒன் மோர் கேட்க ஆளில்லை.

காதுக்குள், "பேசுண்ணே, பேசு."

பேசவில்லை.
பேசின் பிரிட்ஜ் பக்கம் ஒரு ரயில் போனது.
அது மட்டும்
எல்லா வீட்டுக்கும் கேட்டிருக்கும்.