ஈர அட்டை

காதுக்குப் பஞ்சு, தலைக்குக் கூண்டு,
கைக்குள் ஒரு ரப்பர் குமிழ்: பயந்தால் அமுக்கவும்.
மோதிரத்தைக் கழற்றித் தட்டில் போட்டபோது
அந்தக் கிளிங்கின் ஓரம்
எலுமிச்சை மஞ்சள் என்றாள் இர்மெலி ஹுஹ்தனென்,
தம்பெரே சந்தையில் பாலாடைக்கட்டி விற்பவள்.
பத்தொன்பது வருடமாக
இந்தக் காந்தக் குழாய்க்குள் ஆட்களை அனுப்புகிறேன்,
யாரும் இப்படித் தொடங்கியதில்லை.

வெளியே மைனஸ் இருபத்திரண்டு.
கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நான்,
ஆறிய காப்பி, சாம்பல் திரை.
இயந்திரம் இடிக்க ஆரம்பித்தது.
டக் டக் டக், பிறகு அந்த நீண்ட அறுவை.
உள்ளிருந்து ஒலிவாங்கியில் அவள்:
"துருப்பிடித்த முக்கோணங்கள்.
இடப்பக்கமிருந்து வருகின்றன. இப்போது யாரோ
ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்குகிறார்கள்."
பேசாதீர்கள், படம் கலங்கும் என்றேன்.

கண் மூடித்தான் இருந்தது.
ஆனாலும் பின்மண்டையின் அடியில்
நிறம் பார்க்கும் அந்தச் சின்ன வட்டாரத்தில்
விளக்கு எரிந்தது.
வாசல் பூட்டியிருக்க உள்ளே விருந்து.
பக்கத்து வீட்டுக் காது
சுவரேறிக் குதித்து வந்திருக்க வேண்டும்.
அல்லது அங்கே சுவரே எழுப்பவில்லையோ என்னவோ,
டாக்டர்களுக்குள்ளேயே இரண்டு கட்சி.

கசந்த வார்த்தை, சூடான பேச்சு,
குளிர்ந்த பார்வை என்று
நாமெல்லாம் கடன் வாங்கிப் பேசுவதை
இவள் ரொக்கமாகவே வைத்திருக்கிறாள்.

பூட்ஸ் மாட்டிக்கொண்டிருந்தவளிடம்
கேட்டிருக்கக் கூடாது. கேட்டேன்.
என் குரல்?

தயங்கினாள். கடைக்காரியின் தயக்கம்,
நேற்றைய கட்டியை மோந்து பார்த்து
நல்லதா என்று ஒருவர் கேட்டுவிட்டதுபோல.
"ஈர அட்டை. பழுப்பு. ஓரம் நைந்தது.
மன்னித்துக்கொள்ளுங்கள்.
பேசாதீர்கள் என்றீர்களே, அப்போது மட்டும்
மடிப்பில் கொஞ்சம் நீலம்."

டிராமில் யாரிடமும் பேசவில்லை.
டிக்கெட் பரிசோதகருக்குக்கூடத் தலையசைப்புதான்.

வீட்டில் தூலிக்கி
சால்மன் சூப்பைக் கிளறியபடி கேட்டாள், நாள் எப்படி?
பரவாயில்லை என்று சொல்ல வாய் திறந்து
மூடிக்கொண்டேன்.
எத்தனை வருட அட்டை இந்த வீட்டில்,
சுவரோரம், கட்டிலடியில், குளியலறைக் கதவு மறைய.
நனைந்த பெட்டிகளைச் சுற்றிச் சுற்றி
நடந்து பழகிவிட்டாள் போலிருக்கிறது.

அந்த நீலம் வருகிறதா பார்ப்போமென்று
மெதுவாக, என்னால் முடிந்த அளவு அன்பாக,
"பேசாதே" என்றேன்.

கரண்டி நின்றது.
அவளுக்குக் காதில் விழுந்தது
காதில் மட்டுமே விழுந்தது.