வெளுப்புக் கணக்கு

மாத்தா வேலையில் சேர்ந்த வாரம்
டோபி காட் ஓடைக்கு வந்தது
உங்கள் காக்கிக் கால்சட்டை, மாசிலாமணி ஐயா.
முட்டியில் துறைமுகச் சேறு.
இடுப்புப் பட்டிக்குள் சிவப்பு நூலில்
ஒரு புள்ளி, இரு கோடு
குறி போட்டேன்.

பிறகு துப்பாக்கி எண்ணெய்.
சார்ஜன் ஆனதும் மைக்கறை.

சூலியா தெருக் கலவரத்துக்கு மறுநாள்
வந்த சட்டையை
மூன்று தரம் அடித்தேன்.
யார் ரத்தம் என்று நீங்கள் சொல்லவில்லை,
நானும் கேட்கவில்லை.

பினாங்கு மாநிலத்துக்கே தலைவரானீர்கள்.
வேர்வை வாடை நின்றுபோனது.
கஞ்சி மட்டும் கூடக் கேட்டது பங்களா.

நேற்று டிரைவர் இல்லை.
ஒற்றைக் கைலியோடு நீங்களே வந்தீர்கள்,
கல்லோரம் நின்றீர்கள்.
"அது போயிற்றா?"

எது என்று கேட்காமல்
சொன்னேன்:
"மூன்றாம் அடியில், ஐயா."

கூலி எவ்வளவு என்றீர்கள்,
முதல் தடவையாக.