வெளுக்காதது

சேங்கொட்டையை ஊசியால் குத்தினால்
கருஞ்சாறு கசியும்.
சுண்ணாம்புத் தண்ணி பட்டதும் பிடித்துக்கொள்ளும்.
பிறகு எந்தச் சோடாவுக்கும் அசையாது.
மகாலட்சுமி தோபி காட்டில் பதினோரு வருஷம்
ஊரார் காலரில் எல்லாம் குறி வைத்தேன்.
இரண்டு புள்ளி ஒரு கோடு, பாத்ரா சேட்.
கோட்டுக்கு மேல் கோடு, மாஹிம் நர்சிங் ஹோம்.
ஒரு தலையணை உறைகூட வீடு மாறிப் போனதில்லை.

அது சாறு இல்லை, என் கை என்று தெரிய
ஓர் ஆடு வேண்டியிருந்தது.
விளையாட்டாய்க் காதில் பொட்டு வைத்த ஆடு
தேவ்னார் சந்தையில் விலைபோய், லாரி ஏறி,
பிவண்டி தாண்டி,
மூன்றாம் நாள் விடியலில்
சலீம்பாய் கதவை முட்டியது.
வாங்கியவனுக்குப் பணத்தைத் திருப்பிக் கொடுத்தார்.
என்னோடு ஒரு வருஷம் பேசவில்லை.

அதற்கப்புறம் தாராவியில் எனக்கு ஓய்வு ஏது.
தண்ணி டிரம், சைக்கிள், காஸ் சிலிண்டர்,
சீட்டுப் பணம் போட்ட பிஸ்கட் டப்பா.
புருஷனைக் கையைப் பிடித்து இழுத்து வந்தவளிடம் மட்டும்
யோசிச்சுக்கோ, திரும்பித் திரும்பி வருவான் என்றேன்.
யோசித்தாள். கூட்டிக்கொண்டு போய்விட்டாள்.

ஆளுக்கு வைத்தது ஒரே தடவை.
மித்தி ஆறு வீட்டுக்குள் ஏறிய அந்த ஜூலையில்
பரண்மேல் இருந்து ஏசுவடியாள்
ஆறு மாதப் பிள்ளையை நீட்டினாள். வை என்றாள்.
இடது குதிகாலில்
மூன்று புள்ளி, ஒரு சாய்கோடு.
அவள் வீட்டுக் குறி.
கொப்புளம் எழுந்து ஆறியது.
வெள்ளமும் வடிந்தது.

அந்தப் பிள்ளை ஜெபசீலன்
போன புதன் ராத்திரி
செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு வந்தான்.
"புனேயில வேலை, சித்தி.
பஸ்ஸுல கண்ணசந்தா சயான் பிளாட்பாரத்துல முழிக்கேன்.
சூரத்துக்கும் இதே கதைதான்.
மஸ்கட் போன விமானம் பாதி வழியில திரும்பிருச்சு,
நூத்தெண்பது பேரு, என்னால.
அழிச்சிருங்க."

அழிக்க மருந்து கிடையாது.
குதிகாலை விளக்குப் பக்கம் திருப்பினேன்.
பாதம் வளர வளரக் குறியும் வளர்ந்திருந்தது,
ஆலங்கட்டி அளவு இருந்த புள்ளி
இப்போது அவரை விதை.

சட்டை கைமாறினால்
பழைய குறியை நாங்கள் சுரண்டுவதில்லை.
ஒரு கோடு சேர்ப்போம், வேறு வீட்டுச் சட்டையாகிவிடும்.
யார் வீட்டுக்கு என்று கேட்டேன்.
மேல்மாடி டிவியில் யாரோ சிக்ஸர் அடித்தார்கள்.
அது அடங்கும் வரை இருந்துவிட்டுச் சொன்னான்:
"என்னுதுன்னு போட முடியுமா?"

அந்தக் குறி என்னிடம் இல்லை.
எந்தச் சட்டையும்
தன் பேரில் தானே வெளுக்க வந்ததில்லை.
ஊசி முனையில் சாறு இரண்டு முறை காய்ந்தது.
பிறகு சாய்கோட்டின் வாலைப் பிடித்து
வளைத்துக் கொண்டுபோய்
அதன் தலையிலேயே சேர்த்தேன்.
பல்லைக் கடித்துக்கொண்டிருந்தான்.

இன்று காலை தண்ணி வரிசையில் ஏசுவடியாள்.
பையன் புனேயில் தூங்கி
புனேயிலேயே விழித்தானாம். போன் வந்ததாம்.
இடுப்புக் குடத்தை இறக்காமல் கேட்டாள்:
"புதன்கிழமை அவன் பையில ஐந்நூறு ரூபா இருந்துதே,
வாங்கிக்கிட்டியா?
நாந்தான் வச்சேன்."

வாங்கினேன் என்றேன்.
அவன் தரவே இல்லை.

குழாயில் அவள் முறை வந்தது.
கழுவக் கவிழ்த்த குடத்தின் அடியில்
மூன்று புள்ளி, ஒரு சாய்கோடு.