மூன்றாம் மெத்தை

ஸ்காபரோ, மார்க்கம் வீதி, பதினோராம் மாடி.
வெள்ளி இரவு.
ஒரே ஒரு வசனத்துக்கு ஒன்றரை மணித்தியாலம்.

நள்ளிரவு தாண்டி நீண்ட பிரசங்கம்.
சன்னலில் இருந்த வாலிபன் தூங்கிச் சரிந்து
மூன்றாம் மெத்தையிலிருந்து விழுந்து செத்தான்.
"பார்த்தீங்களோ," என்றார் நேசரட்ணம் ஐயா,
"ஆவிக்குரிய அசதி எங்க தள்ளுமெண்டு!"

எழுத்துக்கூட்டி வாசிக்கும் ஜெனிற்றா கேட்டாள்:
மூண்டு மெத்தை உயரம்தானே,
எப்பிடிச் செத்தவர்?
சிரித்தோம்.
மெத்தையெண்டால் மாடி, பிள்ளை. பழைய தமிழ்.

நான் சிரித்து முடிக்கவில்லை.
ஹீட்டரோரம், கண்ணாடியில் தலை சாய்த்து
கிளமென்ற் உறங்கிக்கொண்டிருந்தான்.
இரவில் மிசிசாகா குளிர்கிடங்கு,
பகலில் வீடுவீடாய்ச் சாப்பாட்டுப் பொதி.
அவன் மூச்சு கண்ணாடியில்
ஒரு வட்டம் வரைந்து, அழித்து, வரைந்தது.
நாலு அங்குலத்துக்கு மேல் திறக்காத சன்னல்.
விழமாட்டான்.

அந்த வாலிபனுக்குப் பகலில் என்ன வேலை?
வசனம் சொல்லவில்லை.
துறைமுகத்தில் மூட்டை தூக்கினானோ,
யாருக்கும் அடிமையோ.
அத்தனை அலுப்போடு
படுக்கப் போகாமல் ஏன் வந்தான்?
அசதியைச் சிவப்பில் கோடிட்டோம்.
நெடுநேரம் என்ற சொல்
கோடில்லாமல் கிடந்தது.

அடுத்த வசனத்தில் அப்போஸ்தலர்
பேச்சைப் பாதியில் விட்டு
படியிறங்கி அவனைக் கட்டிக்கொள்கிறார்.
அது வருகிற வெள்ளிக்கு.

புஷ்பம் அன்ரி எழும்பிப் போய்
அவன் தலைக்கும் கண்ணாடிக்கும் நடுவே
சோபாத் தலையணையைச் செருகினா.
ஐயா தொடர்ந்தார்,
கொஞ்சம் தணிந்த குரலில்.