வாட்டம்

வார்ப்பிரும்புத் தொட்டி. உடைத்துத்தான்
படியிறக்க முடிந்தது.
ஓரெஸ்ட் சம்மட்டியை ஓங்கினான்,
கீழ்வீட்டு நாய் ஒவ்வோர் அடிக்கும் பதில் சொன்னது.

மருந்தலமாரிக்குப் பின்னே சுவரைப் பிளந்தபோது
பழைய சவர பிளேடுகள் கொட்டின,
துருப்பிடித்து, ஒன்றோடொன்று ஒட்டி, ஒரு வாளி நிறைய.
அலமாரியின் முதுகில் மெல்லிய பிளவு ஒன்று உண்டு.
அதில் போட்டால் போய்விடும் என்று
பதினெட்டு வருடம் நம்பினார் ரொலாண்ட்.
வின்னிபெக்குக்குப் போகும்போது
மீன்தூண்டில்கூட எடுத்துக்கொண்டார்,
இதை விட்டுவிட்டார்.

"என்ன செய்ய இதை?" என்றான்.
எண்ணிப் பார்க்கலாம் என்றேன்.
எண்ணவில்லை.

தண்டர் பே. பிப்ரவரி. ஏரிமேல் லாரி போகும் மாதம்.
உத்திரங்களின் விலா தெரிய
குளியலறைத் தரை திறந்து கிடக்கிறது.
கதவருகே என் நாற்காலி, மடியில் காபி.
நாலே நாலு அங்குல விளிம்புதானே,
இருந்துவிட்டுப் போகட்டுமே என்றிருந்தான் கடைக்காரன்.
உட்கார்ந்து ஏறிக் காட்டு என்று
நாற்காலியைத் தர நினைத்தேன்.
இறங்க வேண்டுமே, அதனால் விட்டேன்.

முப்பத்தொரு வருடம் கர்லிங் அரங்கில்
பனித்தளம் போட்டவள் நான்.
பத்தொன்பது கிலோ கருங்கல்
அந்தக் கோடிவரை வழுக்கிப் போகும்;
வழியில் தானாக ஒதுங்கினால்
வீசியவரை யாரும் திட்டமாட்டார்கள்.
இராத்திரி பதினொன்றுக்குத் தண்ணீர் விட்டு
உறையவைத்து, சீவி,
மறுபடி விட்டு, மறுபடி சீவி
மட்டம் மட்டம் என்றே கிடந்தேன்.
இப்போது காசு கொடுத்து வாட்டம் கேட்கிறேன்,
அடிக்குக் கால் அங்குலம்.

முகத்தில் தெரிந்தால் என்ன ஆச்சு என்பார்கள்.
தரையில் தெரியவில்லை என்றால்தான்
என்ன ஆச்சு.

சாந்து இறுகிய காலை.
இடது மூலை தண்ணீர் பிடிக்கும் என்றேன்.
ரசமட்டத்தை வைத்துக் காட்டினான்:
"குமிழி சரியென்கிறதே, எல்வி."
குமிழிக்கு அது படுத்திருக்கும் இடம்தான் தெரியும்.
ஆறிய காபியை நீட்டினேன். ஊற்று.

ஓடியது. வடிகாலை நோக்கி ஓடியது.
கொஞ்சம் மட்டும் மூலையில் தயங்கி
உள்ளங்கையளவு கறுப்பாய் உட்கார்ந்துகொண்டது.
நாங்கள் இருவரும் அதையே பார்த்தோம்.
அவன் உக்ரைனிய மொழியில் ஏதோ சொன்னான்,
காபியிடம்.
பிறகு உளியைத் தேடினான்.

வியாழன் இரவு சோதனை.
நீர்த்தடுப்பு விரிப்பு ஒட்டி, வடிகாலை அடைத்து,
வாசலில் ஒரு பலகையைக் குறுக்கே பொருத்தி
(ஒரே ஒரு நாள் விளிம்பு, என்றான் மன்னிப்புக் கேட்பதுபோல)
தண்ணீர் நிரப்பி
சுவரில் பென்சிலால் கோடிட்டுப் போனான்.

இரண்டு மணிக்கு விழித்தேன்.
டார்ச் அடித்துப் பார்த்தேன்.
கோட்டை விட்டு மயிரிழை இறங்கவில்லை.
அடியில் முழுக்க வாட்டம்,
மேலே என் முப்பத்தொரு வருடத்தில்
ஒருநாளும் போட முடியாத மட்டம்.
ஹீட்டர் ஓடத் தொடங்கியது; நீர் லேசாக நடுங்கியது.
குளிரும் வரை இருந்தேன்.

டைல்ஸ் ஒட்டி முடித்த பிறகு
பில்லில் ஒரு வரி இருந்தது:
மேற்பார்வை, எல்வி ராந்தலா, கழிவு ஐம்பது டாலர்.

முதல் நாள் பிரேக் போட மறந்து உள்ளே போனேன்.
ஷாம்பூவுக்குக் கை நீட்டிய நேரத்தில்
நாற்காலி தானாக நகர்ந்தது,
அவசரமில்லாமல், வடிகால் பக்கம்.
நிறுத்தவில்லை.
நேராகத்தான் போகிறதா என்று பார்த்தேன்.

பிளேடு வாளி இன்னும் கராஜில்.
கூரானதைக் குப்பை லாரி எடுக்காதாம்.
அதற்கென்று தனியாக ஒரு நாள் உண்டாம்,
மே மாதத்தில்.